நாடாவை முதலில் கழற்றவும்

பதினேழு நாள் ஐப்பசி மழைக்குப் பின்
கோத்தகிரிக்கு இன்று கொஞ்சம் வெயில் ஒதுக்கியிருக்கிறார்கள்.
எல்லா வீட்டுக் கொடியிலும் போர்வை.
நான் கட்டிலுக்கடியிலிருந்து
என் ஷூவை எடுத்து வருகிறேன்.

பூத்திருக்கிறது.
மூக்கிலிருந்து குதிகால் வரை
பச்சையும் சாம்பலுமாய் மெல்லிய மயிர்,
ஆட்டுக்குட்டியின் காது போல.
செத்த தோலில் இந்த ஊர் ஈரம்
மறுபடி எதையோ முளைக்கவைக்கப் பார்க்கிறது.

ஆம்பூரில் வாங்கிய ஜோடி.
இடது காலில் ஒரு தையல் பிசகியதால்
கப்பல் ஏறாமல் நின்றுபோய்
பாதி விலைக்கு எனக்கு வந்தது.
நாலு வருஷமாய் என்னோடு சங்கிலி இழுக்கிறது,
தேயிலைச் சரிவுகளில் எல்லைக்கல் தேடுகிறது,
அட்டைகளை உள்ளே ஏற்றிக்கொண்டு வீடு திரும்புகிறது.
சர்வேயர் என்றால் ஆண் வருவார் என்றிருப்பவர்கள்
என் முகத்துக்கு முன்னால் பார்ப்பது இதைத்தான்.

மாடிப்படியில் உட்கார்ந்து நாடாவை உருவுகிறேன்.
பூஞ்சையைக் காய்ந்த துணியால், வெளியே வைத்துத் துடைக்க வேண்டும்;
உள்ளே துடைத்தால்
அது ஹேண்ட்பேக்குக்குக் குடிபோகும்.
வினிகர் ஒரு மூடி, தண்ணீர் ஒரு மூடி.
தையலோரத்துக்குப் பழைய பல்துலக்கி.
உள்ளே திணிக்கப் போன வாரத்துத் தினசரி:
தங்கம் விலை, ராசிபலன், எதுவானாலும் உறிஞ்சும்.
அடுப்பருகே மட்டும் கூடாது.
முதல் வருஷம் அவசரப்பட்டுக்
கரியடுப்போரம் வைத்தேன்.
வலது காலில், கட்டைவிரல் மடியும் இடத்தில்
இன்னும் இருக்கிறது அந்த வெடிப்பு.

ஞாயிறு வரை நிழலில்.

ஞாயிறு.
பாலிஷைத் துணியில் தொட்டுச்
சின்னச் சின்ன வட்டமாய்.
அது காயும்வரை ஒரு டீ.
பிறகு பிரஷ், நீளமாய், அவசரமில்லாமல்.
தோல் மெல்லத் தன் பழுப்பை ஒப்புக்கொள்கிறது.

“அடேயப்பா, முகம் தெரியுதே!”
கீழ்வீட்டு சைலப்பன், ஹவுஸ் ஓனர்,
எஸ்டேட்டில் ரிட்டயர் ஆனவர். கையில் பூவாளி.
“யாரு கத்துக்கொடுத்தா?”
மழைதான், என்றேன்.
“சொந்த ஊரு எதுன்னு சொன்னீங்க?”
சொன்னதில்லை. சொன்னேன்: பேரணாம்பட்டு.
“ஓ. தோல்ஷாப் ஊரு.”
ஜெரேனியத் தொட்டியில்
தேவைக்கு மேல் விழுந்துகொண்டிருந்தது தண்ணீர்.
“அங்க... எந்தப் பக்கம்?”

எனக்குத் தெரியும் இந்தச் சங்கிலி.
ஊர், தெரு, கோயில், அப்பா பெயர் என்று
கண்ணி கண்ணியாய் இழுத்துப் போய்க்
கல் நட்டுவிட்டுத்தான் நிற்கும்.
என்னைவிடத் துல்லியமாய் அளப்பவர்கள்
சம்பளமே இல்லாமல் இருக்கிறார்கள்.

பஸ் ஸ்டாண்ட் பக்கம், என்றேன்.

திங்கள் மாலை
மாடிப்படியின் முதல் கட்டில் ஒரு ஜோடி.
கறுப்பு. பத்து நம்பர். பூஞ்சை நாக்குவரை.
சீட்டு இல்லை, சொல் இல்லை.
எனக்குப் புரியும் என்கிற நம்பிக்கை மட்டும்
ஷூவுக்குள் கால் போல நின்றிருந்தது.

புரிந்தது.
தாண்டி மேலே போனேன்.
ரசத்தில் உப்பு இரண்டு முறை விழுந்தது.

செவ்வாய், கடைவீதியில்
கறுப்பு பாலிஷ் ஒன்று, பிரஷ் ஒன்று வாங்கினேன்.
வாடகையில் கழிக்கப்போவதில்லை.
டப்பாவை இடது ஷூவில் வைத்தேன்,
பிரஷ்ஷை வலதில்.
அளவைக் குறிப்பேட்டில் ஒரு தாள் கிழித்து எழுதினேன்:

ஐயா,
நாடாவை முதலில் கழற்றவும்.
வெளியே உட்கார்ந்து துடைக்கவும்.
அடுப்பு ஆகாது.
பாலிஷ் காய அரைமணி ஆகும்.
கையில் ஒட்டினால் சோப்புக்குப் போய்விடும்.

எட்டு மணிக்குக் கரண்ட் போனது.
தெருவை மூடுபனி எடுத்துக்கொண்டது.
கொஞ்ச நேரத்தில் கீழேயிருந்து
சரக், சரக்.

கை வேகம் அதிகம்.
அரைமணி ஆகியிருக்காது.