பதினாறு கதவு

தாப்பா செஷன்ஸ் நீதிமன்றத்தில்
பதினோரு வருஷமாக மொழிபெயர்க்கிறேன்,
மலாயிலிருந்து தமிழுக்கு, தமிழிலிருந்து மலாய்க்கு.
ஒரே ஒரு சொல்லில் எனக்கு வேலையில்லை:
ஜாமீன்.
அவர்களுக்கும் அது ஜாமின்தான்.
நீதிபதி சொல்லி முடிக்குமுன்னே
கூண்டில் நிற்பவன் தோள் இறங்கிவிடும்.
நான் சும்மா இன்னொரு தடவை சொல்வேன்,
எதிரொலிக்குச் சம்பளம் வாங்குகிறவன்போல.

இன்றைக்கு நான்காவது கோப்பு.
குணாளன், செம்பனைக் குலை வெட்டுகிறவன்,
தாயின் இரண்டாவது கணவன்.
பிள்ளைக்குப் பெயர் உண்டு,
இங்கே யாரும் சொல்லக் கூடாது.
எட்டு வயது.
முதுகில் ரப்பர்க் குழாயின் தடம் ஏழு,
ஒவ்வொன்றையும் டாக்டர் சென்டிமீட்டரில் அளந்திருந்தார்.
சென்டிமீட்டருக்கும் மொழிபெயர்ப்பு வேண்டியிருக்கவில்லை.

ஜாமீன் கூடாது என்றார் அரசு வழக்கறிஞர்.
ஒரே கூரை, ஒரே சோற்றுப் பானை,
சாட்சியோ சிறுபிள்ளை;
ஒரு முறைப்பு போதும், பேச்சு மாறிவிடும்.
ஹர்ஜிந்தர் கோர் எழுந்தார்.
யாங் அரிஃப், குற்றம் இன்னும் நிரூபணமாகவில்லை,
கடப்பிதழே எடுக்காத ஆள் எங்கே ஓடுவார்,
வெட்டினால்தான் அந்த வீட்டில் அரிசி.
இரண்டும் உண்மை.
இரண்டு பக்கமும் உண்மை நிற்கிற நாள்களில்
எனக்குத் தண்ணீர்த் தாகம் அதிகம்.

நீதிபதி நோர்ஹஸ்லிண்டா
கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.
எட்டாயிரம் வெள்ளி.
ஒரு பிணையாளர்.
மாதம் ஒரு தடவை போலீஸ் நிலையத்தில் கையெழுத்து.
பிள்ளை இருக்கும் இடத்துக்கு
நூறு மீட்டருக்குள் வரக் கூடாது.

சொன்னேன்.
பின் பெஞ்சிலிருந்து தவமலர் எழுந்து
என்னைத்தான் கேட்டாள்:
"நூறு மீட்டர்னா எத்தன வீடு சார்?"

மொழிபெயர்த்தேன். யாரும் சிரிக்கவில்லை.
லயத்தில் ஒரு வீட்டின் அகலம் என்ன என்றார் நீதிபதி.
இருபது அடி,
கூண்டிலிருந்து குணாளனே சொன்னான்.
கிராணி கைப்பேசியில் கணக்குப் போட்டார்.
பதினாறு கதவு, கொஞ்சம் மேலே.

அவர்கள் லயத்தில் மொத்தமே பன்னிரண்டு கதவு.
அதற்கப்பால் சாக்கடைக் குட்டை,
அதற்கப்பால் செம்பனை.

அவன் வேறெங்காவது போகட்டுமே
என்றுதான் அறையில் எல்லாரும் நினைத்தோம்.
வீடு யார் பேரில்?
தோட்டத்து வீடு, யாங் அரிஃப்,
குலை வெட்டுகிறவனுக்குக் கொடுத்தது.
அவன் பெட்டியைத் தூக்கினால்
சாவி ஆபீசுக்குப் போய்விடும்.
தவமலர் இடுப்பில் இன்னொன்று
என் கழுத்துப்பட்டையைப் பார்த்துக்கொண்டிருந்தது.
அது குணாளனுக்குப் பிறந்தது,
அவன் மூக்கு.

கொஞ்ச நேரம் மின்விசிறி மட்டும்.
பிறகு சமூகநல இலாகாப் பெண் எழுந்து
ஈப்போ இல்லத்தில் ஒரு கட்டில் காலி என்றார்,
அடுத்த தேதி வரைக்கும்.
நீதிபதி வெகுநேரம் எழுதினார்.
எழுதியதை ஒருமுறை அடித்தார்,
மறுபடி அதையே எழுதினார்.

கவுண்டரில் தவமலரின் அண்ணன்
ரப்பர் வளையம் சுற்றிய சேமிப்புப் புத்தகத்தை நீட்டினார்.
ஒவ்வொரு வரியாகப் படித்துக் காட்டினேன்:
இவர் தேதிக்கு வராவிட்டால்
எட்டாயிரம் போய்விடும்.
"வந்துருவாரு" என்றாள் தவமலர்.
அவள் கையில் பசார் மாலாம் பிளாஸ்டிக் பை,
உள்ளே வெள்ளைப் பள்ளிக் காலணி,
பூசிய வெள்ளை இன்னும் காயவில்லை.
இலாகா வண்டி ஏற்கெனவே புறப்பட்டுவிட்டது.

கையெழுத்து முடிந்த தாளைத் தொட்டுப் பார்த்தாள்.
"பிள்ளைக்கும் இதுமாரி ஒன்னு குடுப்பாங்களா சார்,
திரும்பி வரும்னு?"

என்ன கேட்கிறார் என்றார் கிராணி.

ரசீது கேட்கிறார் என்றேன்.

அவர் ஒன்று கிழித்துக் கொடுத்தார்.