எடைப் புத்தகத்தில் ஒரு வரி

வெள்ளைக்கல் சுரங்கத்தில் நான் எடைக் குமாஸ்தா.
ஞாயிறு பிற்பகல் மட்டும் கோல்கீப்பர்.
மற்ற ஆறு நாளும் லாரி ஏறும், முள் ஆடும், நிற்கும்,
நான் எழுதுவேன்: இத்தனை டன், இத்தனை அந்தர்.

நாற்பத்து மூன்று, மாசி மாதம்.
ஏற்காட்டில் காய்ச்சல்காரப் பட்டாளத்துக்கு முகாம் போட்டிருந்தார்கள்.
ரொட்டிக்காக மலையிறங்கிய லாரியின் பின்பலகையில்
கால்களைத் தொங்கப்போட்டு உட்கார்ந்திருந்தான் ஒருவன்,
மலேரியா தின்று மிச்சம் வைத்த ஆள்.
எங்கள் பந்து வண்டிப்பாதைக்கு ஓடியது.
இறங்கினான். மிதித்து நிறுத்தினான்.
நிறுத்திய விதத்திலேயே பச்சியண்ணன் சொன்னான்:
"டேய் அர்த்தனாரி, இவன் நம்ம மாதிரி ஆள் இல்லடா."

எங்களுக்கு பூட்ஸ் இல்லையென்று பார்த்து
அவனும் கழற்றினான்.
தோலுரித்த கிழங்கு போலப் பாதங்கள்.
வெள்ளைக்கல் சில்லு என்ன செய்யும் என்று தெரியாது அவனுக்கு;
பத்தாவது நிமிஷம் தெரிந்தது.
ரத்தத்தோடு ஓடினான்.
இடது ஓரம். மாதையனைத் தாண்டினான்.
லாசருவைத் தாண்டவே இல்லை, லாசரு தானாக வழிவிட்டான்.
நான் வலப்பக்கம் பாய்ந்தேன்.
பந்து இடப்பக்கம், அவசரமே இல்லாமல், போனது.

பொழுது சாய்ந்தபின் சூளைச் சுவரில் சாய்ந்து பேசினான்.
மிஷன் பள்ளி இங்கிலீஷுக்குப் பாதி புரிந்தது.
பெயர் எம்ரிஸ். ஊர் வேல்ஸ்.
"இங்கிலாந்தா?" என்றேன்.
முகம் போன போக்கைப் பார்த்து
அப்புறம் அந்தச் சொல்லை எடுக்கவில்லை.
சம்பளத்துக்குப் பந்தாடியவன். வாரம் ஏழு பவுன்.
பவுன் என்றதும் மாதையன் "தங்கமா?" என்றான்.
"பந்தாடவா?" என்றும் கேட்டான், மூன்று தரம்.
மூன்று தரமும் மொழிபெயர்த்தேன்.

முப்பத்தொன்பதில் சீசன் தொடங்கி மூன்றே ஆட்டம்.
இவன் இரண்டு கோல்.
சனிக்கிழமை மூன்றாம் ஆட்டம், ஞாயிற்றுக்கிழமை யுத்தம்.
லீக்கை நிறுத்தினார்கள். நிறுத்தியது போதாதென்று
அந்த மூன்று ஆட்டமும் நடக்கவே இல்லை என
கணக்கிலிருந்தே எடுத்துவிட்டார்களாம்.
புழுதியில் விரலால் இரண்டு கோடு போட்டான்.
குதிகாலால் தேய்த்தான்.
தேய்த்த இடத்தில் கொஞ்சம் சிவப்பு ஒட்டியது.

எனக்கு அதுதான் விளங்கவில்லை.
எங்கள் ஆபீசில் ஒரு லோடு ரத்தானால்
சிவப்பு மசியில் ஒரே கோடு,
அடியில் இருப்பது படிக்கும்படி; பக்கத்தில் கையெழுத்து.
சுரண்டினால் வேலை போய்விடும்.
"உங்கள் லீக்குக்கு யார் குமாஸ்தா?" என்றேன்.
சிரித்தான். சிரிப்பு நடுக்கமாயிற்று;
காய்ச்சல் வரும் நேரம்.

அடுத்த ஞாயிறு வரவில்லை.
அதற்கடுத்த ஞாயிறு லாரியே வேறு.
கிழக்கே போய்விட்டார்கள் என்றான் டிரைவர்.
கிழக்கு என்றால் பர்மா. கேட்க வேண்டியதில்லை.

ஆடியில் எங்கள் மைதானத்தைத் தோண்டினார்கள்.
பீரங்கிக்கு எஃகு, எஃகுக்கு உலை,
உலையின் உட்சுவருக்கு எங்கள் கல்.
பெனால்டி இடத்துக்கு அடியில் நல்ல கல் இருந்ததாம்.
அதையும் நான்தான் எடை போட்டேன்.
கோல் கம்பங்கள் குழிக்கு முட்டாகப் போயின.
ஞாயிறும் வேலைநாள் ஆயிற்று.

நாற்பத்தாறில் கல்கத்தாவிலிருந்து தணிக்கை.
துரை பக்கம் பக்கமாகப் புரட்டி
ஓரிடத்தில் விரலை ஊன்றினார்.
சனிக்கிழமைக் கடைசி லோடுக்கும்
திங்கட்கிழமை முதல் லோடுக்கும் நடுவே:
எம்ரிஸ், இடது ஓரம், ஒன்று.

"எத்தனை டன்?"
"எடை இல்லை, சார்."
"லாரி நம்பர்?"
"லாரி இல்லை, சார்."
"அப்படியானால் ரத்து செய்."

உங்கள் பக்கம் லீக் மறுபடி தொடங்கிவிட்டதா என்று கேட்டேன்.
அவருக்குக் குதிரைப் பந்தயம்தான் தெரியும்.

சிவப்பு மசியில் பேனாவைத் தோய்த்தேன்.
ஒரே கோடு, மெல்லியதாக.
பக்கத்தில் கையெழுத்து, தேதி.
துரை குனிந்து பார்த்தார்.
"இன்னும் படிக்க முடிகிறதே?"
"அதுதான் சார் விதி."