பாதிக் கூறு

மூக்கையூர்க் கரையில் வலை ஏறியதும்
மீனைக் கூறு போட்டார்கள்:
வலைக்கு, வள்ளத்துக்கு, சம்மாட்டிக்கு,
அப்புறம் கயிறு இழுத்த ஆளுக்கு ஒன்று.
நம்புத்தாய்க்குப் பாதி.

அவள் புருஷன் யாழ்ப்பாணச் சிறையில்.
அவன் நின்ற இடத்தில், எனக்கு முன்னால்,
அதே கயிற்றைத்தான் இழுத்தாள்.
என் கூறு முழுசாகக் கிடந்தது,
சாளையும் காரலும் நாலு நகரையுமாய்.
அள்ளிக்கொண்டு வந்துவிட்டேன்.

மறுநாள்
வலை பாதித்தூரம் வந்திருக்கும்.
கயிற்றை மணலில் போட்டுவிட்டு
உட்கார்ந்து வெற்றிலை மடித்தாள்:
"என் பாதி முடிஞ்சிருச்சு, சம்மாட்டி."

நீவாடு மேற்கே வாங்குகிறது.
வலை கடலுக்குள் திரும்பிப் போகிறது.
சம்மாட்டி அவளை விட்டுவிட்டு
என் பேரைச் சொல்லிக் கத்துகிறார்.
கயிறு உள்ளங்கையை அறுக்கிறது;
பிடிக்கவா, விடவா என்பதற்குள்
திடீரென்று இன்னும் கனக்கிறது.

பின்னால் சேதுராக்கும் விட்டிருப்பாள்.