ஏழாவது டேக்

முப்பது வருஷம் ஜெர்மன் தொலைக்காட்சியில்
துப்புத் துலக்கியிருக்கிறாள் கெர்லிண்ட்.
இரண்டு படத்தில் நீதிபதி.
பொம்மை நிகழ்ச்சியில் வாத்துக்குக் குரல்.
ஐஸ்பெட்டி மேல் உட்கார்ந்திருந்த பயல்கள் கேட்க,
வாத்தாகக் கத்தியும் காட்டினாள்.

இன்றைக்கு மூக்கையூர்க் கரையில்
ஒதுங்கிய பிணம்.
மல்லாந்து கிடந்தாள்.

"குப்புறத்தான் வரும்" என்றார் தஸ்நேவிஸ்,
ஆறு பேரைத் தூக்கியவர்.
"மயிர்ல பாசி. ஒரு காது நிறைய மணல்."
மொழிபெயர்க்குமுன்பே புரண்டு படுத்தாள்,
மணலைத் தானே அள்ளிக் காதில் திணித்துக்கொண்டு.

ஏழாவது டேக் சரி.
கைதட்டலுக்குள் எழுந்து
தலையை உதறிச் சிரித்தாள்.

கொண்டவனுக்கு இன்னும்
பூசை வைக்கவிடாத அமலோற்பவம்
என் சட்டையைப் பிடித்து இழுத்தாள்:
"அந்தாளு என்ன சொன்னதும்
எந்திரிச்சா?"