ராத்திரி ரத்தம்

ஒன்பதரைக்கு முன் குத்தக் கூடாது.
அதுவரை அவை
நுரையீரல் பக்கமாய் ஒதுங்கிக் கிடக்கும்.
ஆள் அயர்ந்த பிறகுதான்
விரல் நுனிவரை உலாத்த வரும்.
கொசு எப்போது கடிக்கும் என்று
கடிகாரம் இல்லாமலே தெரியும் அவற்றுக்கு.

எனக்குக் கடிகாரம் உண்டு.
மாநகராட்சிப் பையில்
நாற்பது கண்ணாடித் துண்டு, பஞ்சு, ஊசி,
ஓரம் கிழிந்த பதிவேடு.
தாராவியில் தொண்ணூறு அடி ரோட்டுக்குப் பின்னால்
இரண்டு பேர் எதிர்ப்பட்டால்
ஒருவர் சுவராகிவிட வேண்டிய கல்லி.

தூங்குகிறவரை எழுப்பி
ரத்தம் கேட்கிறவளை
எந்த மொழியில் திட்டினாலும் எனக்குப் புரியும்.
தமிழில், "பேய்க்குக்கூட ஒரு நேரங்காலம் உண்டு."
மராத்தியில், சாத்திய கதவு.
போஜ்பூரியில் முதலில் தண்ணீர் தருவார்கள்,
பிறகுதான் மாட்டேன் என்பார்கள்.

இட்லி விற்கும் பேச்சித்தாய்
மூன்று மணிக்கு எழ வேண்டியவள்.
கண்ணைத் திறக்காமல் கையை மட்டும் நீட்டினாள்:
"மாவு கரைக்கிற விரலை விட்டுட்டு
எதுல வேணா குத்து."

இரும்பு ஏணியேறி மாடிக்குப் போனால்
தையல் மிஷின்களுக்கு அடியில் பதினோரு பையன்கள்.
நாங்களே தினமும் குத்திக்கொள்கிறோம், தீதி,
கேட்டிருந்தால் சேர்த்து வைத்திருப்போமே
என்றான் ஒருவன்.
சிரித்ததில் என் கை ஆடி
மூன்று கோடாக இழுக்க வேண்டிய ரத்தம்
இரண்டரைக் கோடானது.

சுக்தேவ் ராஜ்பர்
தகர டப்பா கோடவுனுக்குக் காவல்.
அறையில் நான்கு பேர்.
மூன்று பேர் ரத்தத்தில் புழு இருந்தது.
அண்ணனுக்கு இடது கால் கனத்து
செருப்பின் வாரை அறுத்துத்தான் போடுகிறார்.
ஒரே ஊர், ஒரே குளம்,
ஒரே கிழிந்த கொசுவலை.
சுக்தேவ் மட்டும் சுத்தம்.
மூன்று ராத்திரி, மூன்று கண்ணாடி,
ஒன்றுமில்லை.

"அதிர்ஷ்டக்காரன்," என்றார் காவ்டே சாகேப்,
மூக்குக்கண்ணாடியைத் துடைத்தபடி.

நான் பஸ்ஸில் வரும்போது
எதிர் சீட்டில் ஒரு காவலாளி
காலை ஏழு மணி வெயிலில்
வாய் பிளந்து தூங்கிக்கொண்டிருந்தான்.
ஒரு ஸ்டாப் தள்ளி இறங்கினேன்.

மறுநாள் உச்சிப்பொழுது.
தகரக் கூரைக்குக் கீழே
ஈரத் துண்டை முகத்தில் போட்டு
சுக்தேவ் நடுநிசியில் இருந்தார்.
பக்கத்து அறையில் ரேடியோ,
வாசலில் வெங்காயக்காரன்.
குத்தினேன். அரைத் தூக்கத்தில்
யாரையோ பெயர் சொல்லி அதட்டினார்.

பதினேழு.
ஊதாச் சாயத்தில்
அவசரத்தில் போட்ட கையெழுத்துகள் மாதிரி.

பன்னிரண்டு வருஷ ராத்திரி வேலை.
சம்பளம் கொடுப்பவனுக்குத் தெரியாது,
காஜிபூரில் இருக்கும் மனைவிக்கும் சரியாகத் தெரியாது
இவர் எப்போது தூங்குகிறார் என்று.
அவை கவனித்து வைத்திருந்தன.
தங்கள் இரவையும்
அவருக்காக மாற்றிக்கொண்டிருந்தன.

பதிவேட்டில் 'நேரம்: இரவு' என்று அச்சடித்தே வரும்.
இரவை அடித்துவிட்டு
பகல் 12.40 என்று எழுதினேன்.
காவ்டே சாகேப் அதைச் சுற்றி ஒரு வட்டம் போட்டார்.
அப்புறம் எதுவும் கேட்கவில்லை.

மாத்திரைகளை எண்ணிக் கொடுத்தபோது
ராத்திரி சாப்பாட்டுக்குப் பிறகா என்றார் சுக்தேவ்.
ஆமாம், உங்கள் ராத்திரிக்கு.
இரண்டு பேரும் மணி பார்த்தோம்.

இப்போது காலை பத்தேமுக்கால்.
திரையை இழுத்துவிட்டேன்.
எட்டு வருஷமாக நானும்
ஊர் எழும்போது படுக்கிறவள்.
என்னை யாரும் குத்தியதில்லை.

குத்திக்கொண்டேன். மூன்று கோடு,
இந்தமுறை முழுசாக.
எண் எழுதாத கண்ணாடி
ஜன்னலோரம் காய்கிறது.
எறும்பு ஏறாதிருக்கத் தட்டில் தண்ணீர் ஊற்றி
நடுவில் வைத்திருக்கிறேன்.

எழுந்ததும் முதலில்
அந்தத் தண்ணீரைக் கொட்ட வேண்டும்.