உதிரி

ஆறே வயது இந்த விமானத்துக்கு.
கிழடுகள் இன்னும் பறந்துகொண்டிருக்க
இதை அறுக்கச் சொல்லித் தாள் வந்திருக்கிறது
தெருவேல் பொட்டலுக்கு.

"முழுசாக விற்பதைவிட
எஞ்சினைக் கழற்றி விற்றால் காசு."
சூரியகாந்தித் தோலைத் துப்புகிறான் லெயோகாதியோ.
உலகமே பறக்கத் துடிக்கிறதாம்.
புதுசு கேட்டால் பத்து வருட வரிசை.
ஆகவே ஒன்றைக் கொன்று
இரண்டைப் பறக்கவிடுகிறோம்.

இருக்கைகளைக் கழற்றுவது என் வேலை.
இருபத்திரண்டாம் வரிசை, ஜன்னலோரம்:
வாந்திப் பையின் மேல் யாரோ போட்ட கணக்கு.
வாடகை, பல் வைத்தியம், திரும்புவதற்கு டிக்கெட்.
கூட்டல் கோட்டுக்குக் கீழே ஒன்றுமில்லை.

நாலு மணிக்குக் கிரேன் எஞ்சினை இறக்கியது.
இறக்கை
தானாக ஒரு சாண் மேலெழும்பி நின்றது.
ஐயோ, என்றேன்.
"பாரம் போச்சுல்ல, அப்படித்தான்" என்றான்
அடுத்த வாலின் எண்ணைத் தேடிக்கொண்டே.