எழுதாத ஊசி

பார்மனில் கார்த்திகை மழை.
ஆற்றுக்கு மேலே தலைகீழாய்த் தொங்கும் ரயில்
முனகிக்கொண்டு போகிறது.
மகனுக்கு எட்டு வாரம். முதல் ஊசி நாள்.
விடியும்வரை பாண் சுட்ட கைகளில் அவன்;
நகக்கண்ணில் இன்னும் மா.

மருத்துவர் அறைச் சுவரில் ஒரு கட்டம்,
சாதகக் கட்டம் மாதிரியே.
வீட்டுக்கு வீடு, கிரகம் இருக்கவேண்டிய இடத்தில் நோய்.
இரண்டாம் மாதத்தில் குக்கல் உட்கார்ந்திருக்கிறது,
பக்கத்திலேயே ஏற்புவலி, இளம்பிள்ளைவாதம்.
பதினொன்றில் சின்னமுத்து:
எங்கள் மொழியில் அது
யாரோ தூரத்துச் சித்தப்பாவின் பெயர்.
ஒன்பது வயதிலிருந்து பதினாலுவரை நீளும் கட்டத்தை
விரலால் தொட்டு மூத்தவள் தர்மிகா கேட்டாள்,
"இது நான்தானே?"
அறுபதில் அக்கி.
எழுபத்தைந்துக்குப் பிறகு வெறும் சுவர்.

சொட்டு மருந்தை இனிப்பென்று சப்பினான்.
பிறகு தொடையில் ஊசி.
ஒரு கணம் என்னை நம்பமுடியாமல் பார்த்துவிட்டுத்தான்
அழத் தொடங்கினான்.

மருத்துவர் ஹ்யோல்ஷர் கை கழுவியபடி கேட்டார்:
"அப்பாவின் ஏடு?"

தோளைத் திறந்து தழும்பைக் காட்டினேன்.
மற்றதெல்லாம் போட்டார்கள், டொக்டர்,
பள்ளிக்கூடத்தில் வரிசையில் நின்றோம்,
அட்டையும் இருந்தது.
நாலு தரம் இடம்பெயர்ந்ததில்
எந்தத் தரம் போனதென்று தெரியாது.

"எழுதப்படாத ஊசி
போடப்படாத ஊசி" என்றார்.

இந்த வாக்கியம் எனக்குத் தெரியும்.
ஒன்பது வருடத்துக்கு முன், வேறொரு மேசையில்,
இருமிக்கொண்டிருந்த ஒரு மொழிபெயர்ப்பாளரின் வாயால் கேட்டது.
காகிதம் இல்லாத சிறை, இருக்காத சிறை.
காகிதம் இல்லாத அண்ணன், சாகாத அண்ணன்.
உதடு காய்ந்தது.
அதற்கடுத்த வாக்கியத்துக்குக் காத்திருந்தேன்.

"ஆகவே முதலிலிருந்து தொடங்குவோம்.
கூடிப்போனால் இரண்டாந்தரம் போட்டதாகும், கெடுதி இல்லை.
சட்டையைக் கழற்றுங்கள்."

அவ்வளவுதான்.
யானை அச்சிட்ட தாள் விரித்த கட்டிலில் உட்கார்ந்தேன்,
கால் தரையில் முட்டியது.
தர்மிகா படம் எடுத்தாள், அம்மாவுக்கு அனுப்பிச் சிரித்தாள்.
மகனுக்குக் கரடி ஒட்டு.
எனக்கும் கரடி.

இன்றைக்கு இரண்டு. மார்கழியில் ஒன்று, வைகாசியில் ஒன்று.
மஞ்சள் ஏட்டில் குப்பியின் இலக்கத்தை ஒட்டி
முத்திரை குத்தி ஊதிக் காயவைத்தார்.
கடைசியில், கீழே, பென்சிலால்:
அடுத்தது மே 2036.

என் வதிவிட அட்டை
வருகிற மாசியோடு முடிகிறது.
இரண்டும் ஒரே பிளாஸ்டிக் உறைக்குள்தான் இருக்கின்றன.

இரவு தோள் கனத்தது, லேசாய்க் காய்ச்சல்.
வேலைக்குப் போகுமுன் ஏட்டை எடுத்து
அந்தப் பென்சில் எழுத்தின் மேல்
செலோடேப் ஒட்டினேன்.